அம்மாவிடம் சொல்லாத வயிற்றுவலி

(நூற்றாண்டு விழா நிகழ்வுகளில் ஒன்றாகப் பழைய மாணவிகள் சங்கம் தாய்மாருக்கும் 9, 10, 11ஆம் தர மாணவியருக்குமென ஒழுங்குசெய்த கருத்தரங்கில் ஆற்றப்பட்ட உரை)



சங்கத்தினர் எனக்குத் தந்த தலைப்பு "கட்டிளமைப் பருவத்துப் பெண்பிள்ளைகளின் மனப்போராட்டங்கள்" என்பது. நான் மனநல வைத்தியர் அல்ல. பொது வைத்தியம் பார்ப்பவள். என்னை ஏன் கூப்பிட்டீர்கள் என்று செயலாளரிடம் கேட்டேன். "முதலிலை உங்களிட்டைத்தானே டொக்டர் கொண்டு வருகினம்" என்றார். அது சரி. எங்கள் ஊரில் பதினைந்து வயதுப் பிள்ளையை நேரே மனநலக் கிளினிக்குக் கூட்டிப்போகிற தாய் மிகக் குறைவு. ஆரும் கண்டால் என்ன நினைப்பார்கள், நாளைக்கு ஒரு கலியாணம் பேசும்போது கதை வருமோ என்ற பயம். அதனால் வயிற்றுவலி, தலையிடி, தலைச்சுற்று, நெஞ்சுப் படபடப்பு, மூச்சு எடுக்கக் கஷ்டம் என்றுதான் எங்களிடம் வருவார்கள்.

இப்போது நான் சொல்லப்போகும் பிள்ளை ஒருத்தி அல்ல. பல பிள்ளைகளின் கதையைச் சேர்த்து, ஊரும் வகுப்பும் மாற்றிச் சொல்கிறேன். ஆகையால் ஆற்றை பிள்ளையாக இருக்கும் என்று யோசித்து மினக்கெட வேண்டாம்.

பத்தாம் தரம் படிக்கிற பிள்ளை. மூன்று மாதமாக வயிற்றுவலி. அதுவும் விடியப்புறம்தான். சனி ஞாயிறில் இல்லை. குருதி, சிறுநீர் எல்லாம் சோதித்தாகிவிட்டது. இரண்டு தரம் ஸ்கான் எடுத்தாகிவிட்டது. எல்லாம் சுகம். தாயார் துண்டுகளை ஒழுங்காகக் கோவையில் அடுக்கிக் கொண்டு வந்திருந்தார். நான் பிள்ளையிடம் கேட்ட கேள்வி எல்லாவற்றுக்கும் அவரே பதில் சொன்னார். "எங்கை நோகுது பிள்ளை?" என்றால், "தொப்புளைச் சுத்தி டொக்டர்." "பள்ளிக்கூடம் எப்படி?" என்றால், "அவ நல்லாப் படிப்பா டொக்டர், இப்பதான்..." பிள்ளை நிலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இடைக்கிடை தாயின் வாயைப் பார்த்தாள், தன் விடயத்தில் என்ன வரப்போகிறது என்று அறிய விரும்புகிறவள் போல.

தாயாரைச் சற்று நேரம் வெளியே இருக்கச் சொன்னேன். தாதி ஒருவர் அறையில் இருந்தார். நான் நோயைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. "இடைவேளையிலை ஆரோடை இருந்து சாப்பிடுறனீர்?" என்று மட்டும் கேட்டேன். அழத் தொடங்கினாள். ஆறாம் வகுப்பிலிருந்து ஒன்றாகத் திரிந்த நால்வர். ஒருநாள் மற்ற மூவரும் வட்ஸ்அப் குழுவிலிருந்து இவளை எடுத்துவிட்டார்கள். காரணம் சொல்லவில்லை. வகுப்பில் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்கள். இடைவேளை மணி அடித்தால் எங்கே போவது என்று தெரியாமல், சாப்பாட்டுப் பெட்டியோடு மலசலகூடத்துப் பக்கம் போய் நின்றிருக்கிறாள். மூன்று மாதம்.

பிள்ளையின் சம்மதத்தோடு தாயாருக்கு இதைச் சொன்னபோது, அவர் வாயிலிருந்து முதலில் வந்த சொல், "இதுக்குத்தானோ?" என்பது. கோபத்தில் சொல்லவில்லை. நிம்மதியில்தான் சொன்னார். கட்டியோ, அப்பெண்டிக்ஸோ என்று பயந்து கிடந்தவர். ஆனால் அந்த ஒரு சொல்லோடு பிள்ளையின் முகம் மூடிக்கொண்டதை நான் பார்த்தேன். இன்றைக்கு நான் கதைக்க வந்தது இந்தச் சொல்லைப் பற்றித்தான்.

முதலில் ஒன்றைத் தெளிவாகச் சொல்லவேண்டும். அந்தப் பிள்ளை நடிக்கவில்லை. எங்கள் குடலின் சுவரில் கோடிக்கணக்கான நரம்புக் கலங்கள் இருக்கின்றன. அவை மூளையோடு இருபக்கமும் செய்தி பரிமாறிக்கொண்டே இருக்கின்றன. சோதனைக்கு முன் உங்களுக்கு வயிற்றைக் கலக்கியது நினைவிருக்கும். அதே பாதையால்தான் இந்த வலியும் வருகிறது. ஸ்கானில் ஒன்றும் இல்லை என்றால் வலியும் இல்லை என்பது கருத்தல்ல.

இந்த வயதில் உடம்புக்குள் நடப்பதையும் கொஞ்சம் விளங்கிக்கொள்வது நல்லது. உலக சுகாதார நிறுவனம் 10 முதல் 19 வயது வரையான காலத்தைக் கட்டிளமைப் பருவம் என்கிறது. மூளையில் உணர்ச்சிகளோடு சம்பந்தப்பட்ட பகுதிகள் இந்த வயதில் மிகக் கூர்மையாக வேலை செய்கின்றன. நின்று யோசி, பொறு என்று சொல்கிற முன்புறப் பகுதியோ இருபதுகளின் நடுப்பகுதி வரை முதிர்ந்துகொண்டே இருக்கிறது. கதவை அடித்துச் சாத்திவிட்டுப் பத்து நிமிடத்தில் வந்து "அம்மா, என்ன கறி?" என்று கேட்கிற பிள்ளையின் புதிர் பெரும்பாலும் இதுதான். நித்திரையும் அப்படி. நித்திரையை வரவழைக்கும் மெலற்றோனின் என்ற ஓமோன் இந்த வயதில் இரவில் பிந்தித்தான் சுரக்கிறது. இவர்களுக்கு எட்டு மணித்தியாலத்துக்குக் குறையாத நித்திரை தேவை. ஐந்து மணிக்கு எழுப்பி ரியூசனுக்கு அனுப்பிவிட்டுப் பிள்ளை சிடுசிடுக்கிறாள் என்று சொல்கிறோம்.

உடம்பைப் பார்க்காமல் எல்லாவற்றையும் மனம் என்று தள்ளிவிடவும் கூடாது. காலையில் ஒரு பிளேன்ரீயோடு ஓடிவருகிற பிள்ளைகளில் குருதிச்சோகை இருக்கலாம். குருதிச்சோகை உள்ள பிள்ளை சோர்ந்திருப்பாள், படிப்பில் மனம் நிற்காது, எரிந்து விழுவாள். தைரொயிட் குறைவும் அப்படித்தான். முதல் ஓரிரு வருடங்களில் மாதவிடாய் ஒழுங்கில்லாமல் வருவது வழக்கம். அதற்காகப் பயப்பட வேண்டியதில்லை. ஆனால் அதிக இரத்தப்போக்கையும் தாங்கமுடியாத வலியையும் "பொம்பிளையெண்டால் தாங்கத்தான் வேணும்" என்று விடவேண்டாம். கொண்டு வாருங்கள்.

பெரியபிள்ளையாவது பற்றியும் சொல்லாமல் விட முடியாது. சாமத்தியச் சடங்கு செய்யலாமா கூடாதா என்ற விவாதத்துக்கு நான் வரவில்லை. மாமியார் கேட்டால் எனக்கும் சிக்கல். ஆனால் பிள்ளையின் பக்கத்திலிருந்து ஒருதரம் பாருங்கள். பன்னிரண்டு வயது. தன் உடம்பில் நடந்ததைத் தனக்கே இன்னும் விளங்கவில்லை. அதற்குள் ஊர் முழுவதும் தெரிந்துவிட்டது. பல்லக்கு, வீடியோ, ட்ரோன், லண்டனிலிருந்து வந்த சித்தப்பா. அவளைச் சேலை உடுத்தி மேடையில் இருத்துகிறோம். அடுத்த கிழமை தொடங்கி, ஒழுங்கையில் சைக்கிள் ஓடாதே, கரப்பந்து வேண்டாம், மச்சானோடு பகிடி விடாதே, சத்தமாகச் சிரிக்காதே. விழா பெரியது, ஆனால் அந்த விழாவோடு அவள் இழந்தது விளையாட்டு மைதானத்தை. எங்கள் பாடசாலை வலைப்பந்து அணியில் எட்டாம் வகுப்பில் இருக்கிற பிள்ளைகள் பத்தாம் வகுப்பில் எத்தனை பேர் மிஞ்சுகிறார்கள் என்று விளையாட்டு ஆசிரியையைக் கேட்டுப் பாருங்கள். மனச்சோர்வு நோய் சிறுவயதில் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஏறத்தாழ ஒரே அளவில் வருகிறது. பருவமடைந்த பின் பெண்பிள்ளைகளில் ஏறத்தாழ இருமடங்காகிறது. ஓமோன் ஒரு காரணம். ஓமோன் மட்டும்தான் காரணம் என்று நான் நம்பவில்லை.

இனி, "இதுக்குத்தானோ?" என்ற சொல்லுக்கு வருகிறேன். இங்கே இருக்கிற தாய்மாரில் பலர் என் வயதுக்காரர். எங்களுக்குள் ஓர் அளவுகோல் இருக்கிறது. அந்த அளவுகோலின் பெயர் யுத்தம். "நாங்கள் குப்பி விளக்கிலை படிச்சனாங்கள். பங்கருக்குள்ளை இருந்து சோதினைக்குப் படிச்சனாங்கள். உங்களுக்கு என்ன குறை? கரண்ட் இருக்கு, போன் இருக்கு, வேளைக்குச் சாப்பாடு இருக்கு." இதைச் சொல்லாத தாய் இந்த மண்டபத்தில் இருந்தால் அவருக்கு ஒரு பரிசு கொடுக்கலாம்.

1995 ஒக்டோபர் 30ஆம் திகதி இரவு எனக்குப் பதினான்கு வயது. வலிகாமத்திலிருந்து இலட்சக்கணக்கான சனம் ஒரே இரவில் வெளிக்கிட்டது. மழை. நாவற்குழிப் பாலத்தடியில் ஓர் அடி வைக்க எவ்வளவு நேரம் எடுத்தது என்பது போனவர்களுக்குத் தெரியும். சைக்கிள் கரியரில் அம்மம்மா, ஹாண்டிலில் இரண்டு பை. எனக்கு அன்றைக்கு மாதவிடாய் இரண்டாம் நாள். தென்மராட்சியில் ஒரு பாடசாலை வகுப்பறைக்குள் பல குடும்பங்கள். துணி மாற்ற இடமில்லை, தோய்க்கத் தண்ணீரில்லை, காயப்போட மறைவில்லை. அங்கே எங்களைவிட மூத்த அக்காமார் நால்வர் இருந்தார்கள். ஒரு போர்வையை ஆளுக்கொரு மூலையாகப் பிடித்துக்கொண்டு, வெளிப்பக்கம் முகத்தைத் திருப்பி நின்று, எங்களை ஒவ்வொருவராக உள்ளே விட்டார்கள். நாங்கள் ஒன்றும் கேட்கவில்லை. அவர்களே பார்த்துச் செய்தார்கள். பிறகு ஊர் திரும்பும்வரை வேறொரு பாடசாலையில் பிற்பகல் வகுப்பு. அங்கேயும் ஒரு கொப்பியை மூவர் பார்த்து எழுதினோம்.

அந்த நாட்களை நான் லேசாகச் சொல்லவில்லை. அதன் வடு இன்னும் எங்கள் பலருக்குள் இருக்கிறது. வெடிச்சத்தத்துக்கு இன்றைக்கும் துடித்தெழும்புகிற தாய்மார் என்னிடம் மருந்துக்கு வருகிறார்கள். ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள். அன்று எனக்கு இருந்த பயம் எல்லோருக்கும் இருந்த பயம். நான் அழுதால் ஏன் அழுகிறாய் என்று ஒருவரும் கேட்கவில்லை. பயப்படுவதற்குரிய காரணத்தை நான் ஒருவருக்கும் நிரூபிக்க வேண்டியிருக்கவில்லை. இரவில் தனியே படுத்ததாகவே நினைவில்லை. ஒரு பக்கம் தங்கை, மறுபக்கம் ஆரோ ஒரு மாமி. இன்றைக்கு மலசலகூடத்துப் பக்கம் சாப்பாட்டுப் பெட்டியோடு நிற்கிற பிள்ளைக்குப் போர்வை பிடிக்க ஆர் இருக்கிறார்கள்? அவளுடைய பயம் அவளுக்கு மட்டும் உரியது. அதை வெளியில் சொன்னால் பெரிய விடயம் என்று முதலில் நிரூபிக்க வேண்டும். யுத்தத்தோடு ஒப்பிட்டு நிரூபிக்க எந்தப் பதினைந்து வயதுப் பிள்ளையால் முடியும்? அவள் வாயை மூடிக்கொள்கிறாள். வயிறு கதைக்கத் தொடங்குகிறது.

படிப்பைப் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை, எல்லோருக்கும் தெரிந்த கதை. ஒன்பது ஏ எடுத்த பிள்ளையின் படம் சந்தியில் பதாகையாகத் தொங்குகிறது. ஆறு ஏ எடுத்த பிள்ளை அந்தச் சந்தியால்தான் தினமும் போகவேண்டும். உயர்தரத்தில் உயிரியல் எடுக்காத பிள்ளையிடம் "ஏன், றிசல்ட்ஸ் காணாதோ?" என்று கேட்கிற பழக்கத்தையாவது நாங்கள் விடலாம். வைத்தியராகி நிற்கிற நான் இதைச் சொல்வது சிலருக்குச் சிரிப்பாக இருக்கும். இருக்கட்டும். நிறத்தையும் உடம்பையும் பற்றிய கதைகளும் அப்படியே. "கறுத்துப் போனாய்", "நல்லாக் கொழுத்துப் போனாய்" என்று வாசலிலேயே வரவேற்கிற உறவினர் போன பிறகு, இராச் சாப்பாட்டைத் தள்ளிவைக்கிற பிள்ளைகளை நான் கிளினிக்கில் காண்கிறேன்.

போனைப் பற்றி ஒரே ஒரு விடயம். இதைத் தங்கைமாரைப் பார்த்துச் சொல்கிறேன். ஒருவன் உங்கள் படத்தை வைத்துக்கொண்டு "போடுவன்" என்று பயப்படுத்தினால், குற்றம் செய்கிறவன் அவன். நீங்கள் படம் அனுப்பியிருந்தாலும் குற்றம் அவனுடையதுதான். காசு கொடுக்க வேண்டாம், அவன் கூப்பிட்ட இடத்துக்குப் போக வேண்டாம், செய்திகளை அழிக்க வேண்டாம். அம்மாவிடமோ ஒரு ஆசிரியையிடமோ சொல்லுங்கள். சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையின் 1929 என்ற இலக்கத்துக்கு நீங்களே கதைக்கலாம். பொலிஸ் நிலையங்களில் சிறுவர், மகளிர் பிரிவு இருக்கிறது. இனித் தாய்மாருக்கு: பிள்ளை இதைச் சொல்ல வந்த அன்றைக்கு ஏச வேண்டாம். ஏசுவதற்கு வருடம் முழுவதும் இருக்கிறது. அன்றைக்கு ஏசினால், அடுத்த முறை அவள் உங்களிடம் வரமாட்டாள். அவனிடம்தான் கெஞ்சப் போவாள்.

சொல்லக் கஷ்டமான ஒன்றுக்கு வருகிறேன். சொல்லாமல் போனால் நான் இங்கே வந்ததில் பயனில்லை. தற்கொலை பற்றியது. 1990களின் நடுப்பகுதியில் உலகிலேயே தற்கொலை வீதம் மிகக் கூடிய நாடுகளில் ஒன்றாக இலங்கை இருந்தது; ஒரு இலட்சம் பேருக்கு 40க்கு மேல். அடுத்த 20 ஆண்டுகளில் அது பாதிக்கும் கீழே இறங்கியது. எங்கள் கவலைகள் பாதியாகக் குறைந்தனவா? இல்லை. யுத்தமும் சுனாமியும் அந்த ஆண்டுகளுக்குள்தான் வந்தன. மிகக் கொடிய பீடைகொல்லிகளை அரசாங்கம் ஒவ்வொன்றாகத் தடைசெய்தது முக்கிய காரணம் என்று ஆய்வாளர் கருதுகிறார்கள். அந்தக் கொடிய கணத்தில் உயிரைக் கொல்லும் பொருள் கைக்கு எட்டவில்லை, கணம் கடந்தது, ஆள் தப்பினார். இளம் வயதில் இந்த முயற்சிகளில் பல நீண்ட நாள் யோசித்துச் செய்யப்படுவனவல்ல. வீட்டில் ஒரு சண்டை, ஒரு ஏச்சு, சில நிமிடங்கள். விடுதியில் கண் விழித்த பிள்ளைகளில் என்னிடம் "நான் சாக நினைக்கேல்லை டொக்டர், அந்த நேரம் தாங்கேலாமல் போச்சு" என்று சொன்னவர்கள் உண்டு.

ஆகவே வீட்டில் இருக்கிற மருந்துகளையும் தோட்டத்து மருந்துகளையும் பூட்டி வையுங்கள். அம்மம்மாவின் பிறெசர், சீனி வருத்தக் குளிசைகளையும் சேர்த்து. இதைச் சாதாரணமாகச் செய்யுங்கள், பெரிய அறிவிப்பு வேண்டாம். கோபத்தில் "செத்துத் துலை" என்ற சொல் எங்கள் வீடுகளில் மலிவாகப் புழங்குகிறது; அதை விட்டுவிடுங்கள். பிள்ளை வழக்கத்தைவிட ஒதுங்கினால், விருப்பமான பொருட்களை மற்றவருக்குக் கொடுக்கத் தொடங்கினால், நித்திரையும் சாப்பாடும் இரண்டு கிழமைக்கு மேல் குழம்பினால், "நான் இல்லாட்டி உங்களுக்கு நிம்மதி" என்று சொன்னால், நேரே கேளுங்கள்: "சாகவேணும் எண்டு நினைப்பு வருகுதோ, பிள்ளை?" கேட்டால் அந்த எண்ணத்தை நாங்களே கொடுத்துவிடுவோம் என்று பலர் பயப்படுகிறார்கள். அப்படி இல்லை. கேட்கப்பட்ட பிள்ளைக்குப் பாரம் இறங்குகிறது. ஓம் என்றால் தனியே விட வேண்டாம். அன்றைக்கே வைத்தியசாலைக்குக் கொண்டு வாருங்கள். தேசிய மனநல நிறுவகத்தின் 1926 என்ற இலக்கமும் இருக்கிறது. பெரிய வைத்தியசாலைகளில் மனநலக் கிளினிக் இருக்கிறது. வீட்டில் வன்முறை, துன்புறுத்தல் என்றால் நட்பு நிலையங்கள் இருக்கின்றன. ஆரும் கண்டாலும் பரவாயில்லை. கண்டவரும் ஏதோ அலுவலாகத்தான் அங்கே வந்திருப்பார்.

சரி, சாதாரண நாட்களில் எப்படிக் கதைப்பது என்று ஒரு தாய் போன கிழமை என்னிடம் கேட்டார். "வா, இரு, உன்னோடை கதைக்க வேணும்" என்று கூப்பிட்டால் எந்தப் பிள்ளையும் கதைக்காது. அது விசாரணை. என் அனுபவத்தில் பிள்ளைகள் முகம் பாராத நேரத்தில்தான் கதைக்கிறார்கள். தலை இழுத்துப் பின்னும்போது. மோட்டார் சைக்கிளில் பின்னால் இருந்து வரும்போது. அம்மா தேங்காய் துருவ, அவள் பக்கத்தில் வெங்காயம் உரிக்கும்போது. அந்த நேரம் அவள் ஒன்றைச் சொன்னால் துருவுவதை நிறுத்த வேண்டாம். "பிறகு?" என்று மட்டும் கேளுங்கள். புத்தி சொல்லாமல் பத்து நிமிடம் இருப்பது கஷ்டம்தான். எனக்கும் வீட்டில் ஒரு பதின்மூன்று வயது இருக்கிறாள். அவள் சொன்னதைப் பெரியம்மாவுக்கும் லண்டன் சித்திக்கும் போனில் சொல்லிவிட வேண்டாம். ஒருதரம் சொன்னால் போதும், அந்தக் கதவு பூட்டிவிடும். அப்பாமார் இன்றைக்கு இங்கே மூன்று பேர்தான் இருக்கிறார்கள், வந்ததற்கு நன்றி. மகள் பெரியபிள்ளையான பிறகு விலகி நிற்க வேண்டும் என்று நினைக்காதீர்கள். அவளுக்கு அது, அப்பாவுக்கு என்னைப் பிடிக்காமல் போய்விட்டது என்றுதான் தெரிகிறது.

ஆசிரியைகளுக்கு ஒரு வேண்டுகோள். இடைவேளையில் தனியே நிற்கிற பிள்ளையை உங்களுக்குத்தான் முதலில் தெரியும். என்னிடம் வர மூன்று மாதமும் இரண்டு ஸ்கானும் ஆகிறது. ஆலோசனை வழிகாட்டல் அறை எங்கள் பாடசாலையில் இருக்கிறது. ஆனால் அது அலுவலகத்துக்கு எதிரே இருப்பதால், உள்ளே போகிற பிள்ளையை எல்லோரும் காண்கிறார்கள். நூற்றாண்டு நிதியில் வளைவு கட்டுவதா நுழைவாயில் கட்டுவதா என்று கூட்டங்களில் கதைத்துக்கொண்டிருக்கிறோம். நூலகத்துக்குப் பின்னால் உள்ள பழைய அறையைத் திருத்தி, இரண்டு கதிரையும் ஒரு மின்விசிறியும் போட்டு, அந்த ஆசிரியைக்குப் பாடவேளையைக் குறைத்துக் கொடுத்தால் வளைவுக்கு ஆகிற செலவில் ஒரு பங்கும் ஆகாது. சங்கச் செயற்குழுவில் இதை எழுத்தில் கொடுத்திருக்கிறேன். இங்கே எல்லோர் முன்னாலும் மீண்டும் கேட்கிறேன்.

தங்கைமாரே, உங்கள் தோழி ஒருத்தி உங்களிடம் பெரிய விடயம் ஒன்றைச் சொல்லி, "ஒருத்தருக்கும் சொல்லாதை" என்று சத்தியம் வாங்கியிருந்தால், அது உயிரோடு சம்பந்தப்பட்டதாக இருந்தால், அந்தச் சத்தியத்தை உடையுங்கள். அவள் ஒரு மாதம் கோபமாக இருப்பாள். இருக்கட்டும். வகுப்பில் ஒருத்தியை ஒதுக்கும்போது நீங்களும் அந்த மூவரில் ஒருத்தியாக இருந்தால், நாளைக்கு இடைவேளையில் அவளுக்குப் பக்கத்தில் போய் இருங்கள். ஒன்றும் கதைக்க வேண்டியதில்லை.

நேரம் முடிந்துவிட்டது என்று தலைவி கடிகாரத்தைக் காட்டுகிறார். கேள்விகளை எழுந்து நின்று கேட்கக் கூச்சமாக இருக்கும் என்பதால், மாணவத் தலைவிகள் இப்போது ஆளுக்கொரு வெள்ளைத் துண்டு தருவார்கள். எல்லோரும் ஏதாவது எழுதுங்கள். கேள்வி இல்லாவிட்டால் இன்று காலையில் சாப்பிட்டது என்ன என்றாவது எழுதுங்கள். அப்போது ஆர் கேள்வி எழுதினார்கள் என்று பக்கத்தில் இருப்பவருக்குத் தெரியாது. பெயர் போட வேண்டாம். நான்காக மடித்து இந்தப் பெட்டிக்குள் போடுங்கள்; பொதுவில் சொல்லக்கூடியவற்றுக்கு இங்கேயே பதில் சொல்கிறேன். என்னோடு தனியே கதைக்க விரும்புகிறவர்களுக்கு, தேநீருக்குப் பிறகு நூலகத்தில் ஒரு மணி நேரம் இருப்பேன்.